சொல்லின்றிப் பேசிய படம்

திரையரங்கில் கதைப்படம் தொடங்குமுன் அரசாங்கத்தின் செய்திப்படமோ விவரணப்படமோ கட்டாயமாகக் காட்டப்பட்டு வந்த காலம் பலருக்கு நினைவிருக்கும். 1948ஆம் ஆண்டில் நிறுவப்பட்ட பிலிம்ஸ் டிவிஷன் அப்படங்களைத் தயாரித்து, நாட்டின் பல மொழிகளிலும் வருணனை சேர்த்து அனுப்பிவந்தது. அணைக்கட்டைக் காண்போம், அஃது அணைக்கட்டு என்று ஒரு குரல் கூறும். உழவரைக் காண்போம்; அவர் மகிழ்ச்சியுடன் இருக்கிறார் என்று அதே குரல் கூறும். அவ்வருணனையைத் தமிழாக்கியவர்கள் என் தொழிலைச் சேர்ந்தவர்களே. ஆகவே அதனை இகழ எனக்கு மனம் வரவில்லை. ஆயினும், கண் காண்பதையே செவியிலும் ஓதிக்கொண்டிருந்தால் காண்பவரின் அறிவுக்கு என்ன வேலை மிஞ்சும்?

இவ்வினாவுக்குத் தம் படத்தாலேயே விடையளித்தவர் எஸ். சுகதேவ். 1933இல் பிறந்து 1979இல் மறைந்த அவர், ஜெர்மானியரான பால் ஜில்ஸிடம் தொழில் பயின்று, பின்னர்த் தனித்து நின்று படமெடுக்க முற்பட்டார். 'அண்ட் மைல்ஸ் டு கோ' என்னும் அவரது குறும்படம், செல்வர் வாழ்வையும் வறியவர் வாழ்வையும் அடுத்தடுத்து நிறுத்திக் காட்டியது.

அவருக்குப் பெரும்புகழ் ஈட்டித் தந்தது 'இந்தியா 67'. ஏறத்தாழ ஒரு மணி நேரம் ஓடும் இப்படத்தில் வருணனையே கிடையாது. இசையும் இயல்பான ஓசைகளும் மட்டுமே படங்களுடன் வருகின்றன. இசைக்கலைஞர் ஒருவரின் மூக்கு நுனியில் தொங்கும் வியர்வைத் துளி, சுடுமணலில் ஊர்ந்து செல்லும் கருவண்டு ஆகிய சிறு காட்சிகளே, வறுமையையும் வளத்தையும் மோதவிடும் பெருங் காட்சிகளைக் காட்டிலும் சிறந்தவை என்று சத்யஜித் ராய் கருதினார். அக்கருத்து எனக்கும் உடன்பாடே. பெருமுரண்கள் ஆசிரியரின் தீர்ப்பை நம்மீது சுமத்துகின்றன. வியர்வைத் துளியோ நம்மைப் பார்க்க மட்டுமே அழைக்கிறது. மொழிபெயர்ப்பாளருக்கு வேலையே வைக்காத இப்படம், தமிழருக்கும் பஞ்சாபியருக்கும் ஒன்றே போல் விளங்குகிறது.

ஆனால் இக்கதைக்கு மறுபக்கமும் உண்டு. அரசாங்கத்தில் சம்பளம் பெறாதவராயினும், சுகதேவின் பல படங்கள் அரசாங்கத்துக்காகவே எடுக்கப்பட்டன. நெருக்கடி நிலைக் காலத்தில், 1976இல், அந்நிலையின் நன்மைகளை எடுத்துரைக்கும் 'தண்டர் ஆப் ப்ரீடம்' என்ற படத்தையும் அவரே எடுத்தார். முந்தைய படங்களில் துணிவைக் கண்டு போற்றியவர்களுக்கு இது வருத்தம் அளித்ததில் வியப்பில்லை.

இதற்காக முந்தைய படத்தைத் தள்ளிவிடலாமா? கூடாது என்பதே என் எண்ணம். பின்னையதை மறைத்துவிடுவதும் முறையன்று. படமெடுப்பவரின் சுதந்திரம் ஒருமுறை பெற்று வைத்துக்கொள்ளும் பட்டமன்று. ஒவ்வொரு படத்திலும் புதிதாக ஈட்ட வேண்டிய பொருள். 'இந்தியா 67'இல் சுகதேவ் அதனை ஈட்டினார். காண்பவரின் கண்ணை நம்பினார். அந்த நம்பிக்கையே அப்படத்தை இன்றும் காணத் தக்கதாக்குகிறது.