கத்தரிக்கோல் யார் கையில்?

(நாகல் நகர் கூட்டத்தில் பேசியதன் சுருக்கம்)



மில்லில் இழை அறுந்தால் என்ன செய்கிறோம்? விரல் நுனியால் பிணைத்து விடுகிறோம். சினிமாவிலும் அப்படி ஒரு வேலை உண்டு. எடிட்டிங் என்பார்கள். படச்சுருளை வெட்டி ஒட்டும் தொழிலாக இருந்தது. 35 மில்லிமீட்டர் சுருள் நிமிஷத்துக்கு 90 அடி ஓடும். வினாடிக்கு 24 படம். இருட்டறையில் அதை அடி அடியாகப் பார்த்தவன் பெயர் சுவரொட்டியில் பெரிதாக வராது. நெய்தவன் பெயர் சேலையில் வருகிறதா?

ஆனால் விஷயமே அந்த மேஜையில்தான் இருக்கிறது. 1948இல் மத்திய சர்க்கார் பிலிம்ஸ் டிவிஷனைத் தொடங்கியது. கொட்டகையில் முதலில் அதன் செய்திப்படம் ஓடியது பெரியவர்களுக்கு நினைவிருக்கும். அணை திறப்பு வரும். மாலையோடு மந்திரி வருவார். அணைக்கு மண் சுமந்தவள் எத்தனை வினாடி வந்தாள்?

சோவியத் நாட்டில் எலிசவேத்தா ஸ்வீலோவா என்றொரு பெண். 1929இல் ஜிகா வெர்த்தோவ் எடுத்த 'மூவி காமிராவுடன் ஒரு மனிதன்' படத்தைத் தொகுத்தவர். நூற்பாலைப் பெண்களைக் காட்டும் அந்தப் படத்திலேயே, இவர் சுருள் வெட்டி ஒட்டுவதும் வருகிறது. இவரும் தொழிலாளிதான் என்று படமே சொல்கிறது! 1945 ஜனவரியில் செஞ்சேனை ஆஷ்விட்ஸ் கொலைமுகாமை விடுவித்தது. அங்கே எடுத்த காட்சிகளை அதே ஆண்டில் டாக்குமெண்டரி ஆக்கியவரும் இவரே. அந்த மேஜையில் உட்கார எத்தனை நெஞ்சுரம் வேண்டும்!

நம் பக்கம் வருவோம். 'பாசமலர்' பீம்சிங்கை அறியாதவர் யார்? அவர் மகன் பி. லெனின். (பெயரைக் கேட்டாலே நமக்குக் கொஞ்சம் சந்தோஷம்தான்.) 'உதிரிப்பூக்கள்' இவர் தொகுத்தது. 'நாயகன்' வி.டி. விஜயனோடு சேர்ந்து தொகுத்தது. பெரிய படங்களோடு சௌக்கியமாக இருந்திருக்கலாம். இருக்கவில்லை. 1992இல் 'நாக்-அவுட்' என்ற குறும்படம் எடுத்தார். கேட்பாரற்றுச் சாகும் ஒரு குத்துச்சண்டை வீரனின் கதை. தேசிய விருது வந்தது. பிறகு ஜெயகாந்தனின் 'ஊருக்கு நூறு பேர்' கதையைப் படமாக்கினார். 2001க்கான சிறந்த டைரக்டர் விருது. விருது வந்தது சரி, கொட்டகை வந்ததா? இப்படிப்பட்ட படத்துக்கு எந்தக் கொட்டகைக்காரர் நாலு காட்சி கொடுக்கிறார்? நாமும் டிக்கெட் எடுப்பது வேறு படத்துக்குத்தானே! அதையும் ஒப்புக்கொள்ள வேண்டும்.

ஆகவே கொட்டகைக்காகக் காத்திருக்க வேண்டாம் என்கிறோம். ஷிப்டு முடிந்து வருகிறவர்களும், நடவு முடிந்து வருகிறவர்களும் உட்கார ஒரு தெரு போதும். படம் போடும் கருவி இரவலாகக் கிடைக்கும். வேண்டியது வெள்ளைத் துணி ஒன்று. நாகல் நகரில் தறிக்காரர்களிடம் துணிக்கா பஞ்சம்?