இறுதி வேளையும் மருத்துவமும்

 

அல்லாஹ் ஒவ்வொரு நோய்க்கும் மருந்தை இறக்கியுள்ளான். முதுமைக்கு மட்டும் மருந்தில்லை என்பது பெருமானார் (ஸல்) அவர்களின் போதனை. எனவே மருத்துவத்தைக் கைவிடலாகாது. அதற்கும் எல்லை உண்டென்பதை மறத்தலும் ஆகாது.

முன்னர் திண்டிவனத்திலும் விழுப்புரத்திலும் ஸகராத் வேளை பெரும்பாலும் வீட்டிலேயே கழிந்தது. பிள்ளைகள் சூழ்ந்திருக்க, யாஸீன் ஓதி, கலிமாவை நினைவூட்டினார்கள். இன்று முண்டியம்பாக்கம் அரசு மருத்துவமனையும் புதுவை ஜிப்மரும் எத்தனையோ உயிர்களைக் காக்கின்றன, அல்ஹம்துலில்லாஹ்! ஆயினும் மீள வழியில்லையென மருத்துவரே கூறிய பின்னரும், "பெற்றவரைக் கைவிட்டான் என ஊர் பேசுமே" என்றஞ்சி, கடன்பட்டுச் செயற்கைச் சுவாசத்தைத் தொடர்வோர் உண்டு. கலிமா சொல்லித்தர அருகில் எவருமின்றிப் பெரியவர் வபாத்தாகிறார்.

பெருமானார் (ஸல்) அவர்களின் இறுதி நோயில், வேண்டாமெனச் சைகை செய்தும், நோயாளி மருந்தை வெறுப்பது இயல்பென எண்ணி வீட்டார் வாயில் மருந்தை ஊற்றினர். தெளிவு பெற்றதும் அவர்கள் அதைக் கண்டித்தார்கள் என அன்னை ஆயிஷா (ரலி) அறிவிப்பது புகாரியில் உள்ளது. நோயாளியின் விருப்பத்திற்கு மதிப்புண்டு என்பதே நமக்குப் படிப்பினை.

ஊசி செலுத்தி உயிரைப் போக்குதல் ஹராம்; சட்டப்படியும் குற்றம். பயனற்ற கருவியை அகற்றுதல் வேறு. மூளையின் இயக்கம் முற்றிலும் நின்று, இனி மீளாதெனத் தேர்ந்த மருத்துவர்கள் உறுதி செய்தால் கருவியை அகற்றலாமென 1986-இல் அம்மானில் கூடிய சர்வதேச ஃபிக்ஹ் அகாடமி தீர்மானித்தது. குணமாகும் நம்பிக்கையற்ற நோயாளிக்கு உயிர்காப்புச் சிகிச்சையை நிறுத்த 2018 மார்ச் 9-இல் உச்ச நீதிமன்றம் அனுமதித்தது. 2023-இல் நடைமுறையை எளிதாக்கியது. மும்மூன்று மருத்துவர் கொண்ட இரு குழுக்கள் இசைய வேண்டும். ஆகவே இது தனியொருவர் முடிவன்று.

சகோதரர்களே! "இச்சிகிச்சை குணமளிக்குமா, நாளை மட்டும் நீட்டுமா?" என மருத்துவரிடம் வெளிப்படையாகக் கேளுங்கள். உடல்நலத்தோடிருக்கும்போதே உங்கள் விருப்பத்தை இரு சாட்சிகள் முன் எழுதிக் கையெழுத்திட்டு, நோட்டரி அல்லது கெஜட்டட் அதிகாரியின் சான்று பெறுங்கள். சிகிச்சை நின்றாலும் கவனிப்பு நிற்கலாகாது. 2021-இல் தொடங்கிய 'மக்களைத் தேடி மருத்துவம்' திட்டத்தில் வலி தணிக்கும் பராமரிப்பு வீட்டிற்கே வருகிறது; கேட்டுப் பெறுங்கள். தீவிர சிகிச்சைப் பிரிவாயினும், அனுமதி பெற்று ஒருவரேனும் அருகிலிருந்து மெதுவாகக் கலிமாவை நினைவூட்டுங்கள்.

நம் அனைவரின் இறுதி மொழியையும் கலிமாவாக அல்லாஹ் ஆக்கியருள்வானாக! ஆமீன்.