ஊறவைப்பதும் ஊறலும்

(நமது குடியிருப்போர் நலச் சங்கத்தின் காலாண்டுக் கூட்டத்தில் பேசியதன் எழுத்து வடிவம்)



நம் குடியிருப்பு வாட்ஸ்அப் குழுவில் போன மாதம் சுற்றிய வீடியோவைப் பெரும்பாலானோர் பார்த்திருப்பீர்கள். நாவல் பழத்தைக் கண்ணாடி ஜாடியில் போட்டு, மேலே 'ஸ்பிரிட்' ஊற்றி, ஒன்றரை மாதம் அலமாரியில் வைத்து வடித்தால் ஊதா நிறத்தில் ஒரு மது. பார்க்க அழகாகத்தான் இருந்தது. அதன் கீழே வந்த பதில்கள்தான் என்னை உறுத்தின. கடைச் சரக்கைவிட இது வீட்டுப் பழத்தில் செய்தது, உடம்புக்கு நல்லது என்றார் ஒருவர். தெரிந்த கம்பெனியிலிருந்து சுத்தமான ஸ்பிரிட் கேனில் வாங்கித் தருகிறேன், பாதி விலைக்குக் கிடைக்கும் என்றார் இன்னொருவர். பொங்கல் விழாவில் ஒரு ஸ்டால் போடலாமே என்றார் மூன்றாமவர். குழுவில் அதிகமாகக் கேள்வி கேட்டது நான் என்பதால், நீங்களே பேசுங்கள் சார் என்று செயலாளர் சொல்லிவிட்டார். நான் டாக்டரும் இல்லை, வக்கீலும் இல்லை. பி.காம். படித்து, வங்கிக் கவுண்டரில் ஆயுளைக் கழித்தவன். ஆனால் கணக்குப் பார்க்கத் தெரியும்.

குடிக்கலாமா கூடாதா என்று பேச நான் வரவில்லை. அது அவரவர் வீட்டுப் பேச்சு. ஒரே பெயரில் மூன்று வேலைகள் நடக்கின்றன. அவற்றை முதலில் பிரித்துக்கொள்வோம்.

முதலாவது, ஊறவைப்பது. ஏற்கெனவே தயாரான மதுவில் பழத்தைப் போட்டு, அதன் நிறமும் மணமும் இறங்கும்வரை காத்திருப்பது. அங்கே புதிதாக மது உண்டாவதில்லை. ஊறுகாயில் எண்ணெய் செய்யும் வேலையை இங்கே மது செய்கிறது, அவ்வளவுதான். இத்தாலியில் எலுமிச்சைத் தோலிலும், போலந்தில் செர்ரியிலும், இங்கிலாந்தில் ஒரு வகைக் காட்டுப் பழத்தில் ஜின் ஊற்றியும் இப்படிச் செய்கிறார்கள்.

இரண்டாவது, புளிக்கவைப்பது. பழச்சாறும் சர்க்கரையும் ஈஸ்ட்டும் சேர்ந்தால் சர்க்கரை மதுவாக மாறும். நம் பக்கத்தில் இதற்குப் பாடமே வேண்டாம். பனை மரத்துக் கலயத்தில் சுண்ணாம்பு தடவினால் பதநீர். தடவாமல் விட்டால் சில மணி நேரத்தில் கள். வைத்தியர் கொடுக்கும் திராட்சாரிஷ்டமும் புளித்ததுதான். பாட்டிலைத் திருப்பி லேபிளைப் படியுங்கள், அதில் உள்ள ஆல்கஹால் அளவைப் போட்டிருப்பார்கள். அது உரிமம் பெற்ற மருந்து. அளவு பார்த்துக் குடிப்பது.

மூன்றாவது, காய்ச்சி வடிப்பது. புளித்ததைச் சூடாக்கி ஆவியைப் பிடிப்பது. செய்தித்தாளில் "ஊறல் அழிப்பு" என்று போடுகிறார்களே, அந்த ஊறல் என்பது காய்ச்சுவதற்காகப் புளிக்கப் போட்டது. நம் வீடியோக்காரர் ஊறவைப்பது என்கிறார், போலீஸ்காரர் ஊறல் என்கிறார். சொல் ஒன்றுபோல இருக்கிறது, விஷயம் வேறு.

நம் குழுவில் யாரும் அடுப்பு வைத்துக் காய்ச்சப்போவதில்லை. ஆகவே ஜாடியில் ஊற்றப்போகும் அந்த 'ஸ்பிரிட்'டுக்கு வருகிறேன்.

ஆங்கிலத்தில் சமையல் குறிப்பு எழுதுகிறவர் ஸ்பிரிட் என்றால் பிராந்தி, வோட்கா, ரம் என்று அர்த்தம். திண்டிவனத்தில் நீங்கள் ஸ்பிரிட் கொடுங்கள் என்று கேட்டால், மருந்துக் கடையில் புண் துடைக்கிற ஸ்பிரிட் தருவார்கள். ஹார்டுவேர் கடையில் மரச் சாமான் பாலிஷுக்குக் கலக்கும் ஸ்பிரிட் தருவார்கள். தொழிற்சாலைக் கேனில் வருவது இன்னொன்று. இவை எதுவும் குடிப்பதற்குச் செய்யப்பட்டவை அல்ல. குடித்துவிடக் கூடாது என்பதற்காகவே சிலவற்றில் விஷம் கலந்து விற்கிறார்கள். அந்த விஷங்களில் முக்கியமானது மெத்தனால். சில கேன்களில் இருப்பதே முழுக்க மெத்தனால்தான். 2020 ஊரடங்கின்போது ஆந்திரத்தில் பிரகாசம் மாவட்டம் குரிச்சேட்டில் மதுக்கடை மூடியிருந்ததால் சானிடைசரைக் குடித்துப் பத்துப் பேருக்கு மேல் இறந்தார்கள்.

அவ்வளவு தூரம் போவானேன். மரக்காணம் நமக்கு ஒரு மணி நேரப் பஸ் பயணம். 2023 மே மாதம் அங்கே எக்கியார்குப்பத்தில் மீனவக் குடும்பங்களில் நடந்ததை நாம் யாரும் மறந்திருக்க மாட்டோம். அதே நாட்களில் செங்கல்பட்டு மாவட்டத்திலும் சாவு. இரண்டு இடத்திலும் சேர்த்து 20 பேருக்கு மேல். அவர்கள் குடித்தது கிராமத்தில் காய்ச்சிய சாராயமே இல்லை, தொழிற்சாலைக்கான மெத்தனால் என்று காவல்துறை அப்போது சொன்னது. அடுத்த ஆண்டு, 2024 ஜூனில், கள்ளக்குறிச்சி கருணாபுரம். அங்கே 60 பேருக்கு மேல். "தெரிந்த கம்பெனியிலிருந்து கேனில்" என்று நம் குழுவில் வந்த வரியைப் படித்தபோது எனக்கு எக்கியார்குப்பம்தான் ஞாபகம் வந்தது. சொன்னவர் நல்ல மனதோடுதான் சொன்னார். அங்கேயும் கொடுத்தவரை நம்பித்தான் வாங்கிக் குடித்தார்கள்.

கவுண்டரில் இருந்தவன் என்பதால் ஒன்று சொல்கிறேன். கள்ள நோட்டு வந்தால் விரல் சொல்லிவிடும். தாள் வழவழப்பாக இருக்கும், நீர்க்குறி சரியாக இருக்காது, இழை ஒட்டவைத்ததுபோல இருக்கும். மெத்தனாலுக்கு அப்படி ஒரு அடையாளம் கிடையாது. நிறம் இல்லை, வாசனையும் ருசியும் குடிக்கிற ஆல்கஹாலை ஒத்தவை, அதோடு கலந்துவிட்டால் எந்த நாக்கும் பிரித்துச் சொல்லாது. நெருப்பு வைத்துப் பார்த்தால் நீலமாக எரியும் என்று ஒரு பரிசோதனையைச் சிலர் சொல்கிறார்கள். இரண்டுமே எரியும், இரண்டுமே நீலமாக எரியும், அதை நம்பி யாரும் குடிக்க வேண்டாம். காய்ச்சினால் போய்விடும் என்பதும் அப்படித்தான். மெத்தனால் 65 டிகிரியில் கொதிக்கும், எத்தனால் 78 டிகிரியில். கேட்கும்போது எளிதாகத் தெரியும். ஆனால் கலந்திருக்கும்போது இரண்டும் சேர்ந்தேதான் ஆவியாகும். வீட்டுக் குக்கரில் பிரிகிற சமாச்சாரம் இல்லை. இதில் நாவல் பழமும் சர்க்கரைப் பாகும் சேர்ந்துவிட்டால், நாக்குக்குக் கொஞ்சநஞ்சம் கிடைக்கக்கூடிய எச்சரிக்கையும் போய்விடுகிறது.

உடம்புக்குள் போன மெத்தனாலை ஈரல் முதலில் ஃபார்மால்டிஹைடாகவும் பிறகு ஃபார்மிக் அமிலமாகவும் மாற்றுகிறது. அந்த அமிலம்தான் பார்வை நரம்பைக் கெடுப்பது, உயிரை வாங்குவது. 30 மில்லி போதும், சிலருக்கு அதைவிடக் குறைவே போதும். இது நடக்க அரை நாளோ ஒரு நாளோ ஆகலாம். நல்ல மதுவும் சேர்த்துக் குடித்திருந்தால் இன்னும் தாமதமாகும், ஏனென்றால் ஈரல் அதை முதலில் கவனிக்கும். ஆகவே இரவு குடித்தவர் காலையில் எழுந்து காபி குடித்துவிட்டு, ஒன்றும் ஆகவில்லையே என்பார். பிறகு வாந்தி, வயிற்று வலி, மூச்சு வாங்குதல், கண் முன்னால் பனி மூட்டம் போலத் தெரிவது. யாருக்காவது இப்படி வந்தால் மோர் கொடுத்துப் பார்ப்போம், உப்புத் தண்ணீர் கொடுத்துப் பார்ப்போம் என்று நேரத்தை வீணாக்காதீர்கள். உடனே 108. முண்டியம்பாக்கம் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனை இருக்கிறது, புதுச்சேரியில் ஜிப்மர் இருக்கிறது. என்ன குடித்தார் என்பதை மறைக்காமல் டாக்டரிடம் சொல்லுங்கள், மீதி இருந்தால் பாட்டிலையும் எடுத்துப் போங்கள். மானம் போய்விடும் என்று மறைத்தால் போவது கண்.

இனி சட்டம். மதுவிலக்கு விஷயத்தில் நம் ஊருக்குத் தனி இடம் உண்டு. ராஜாஜி 1937-ல் சேலத்தில் தொடங்கிவைத்த மதுவிலக்கு, 1948 அக்டோபர் 2 அன்று சென்னை மாகாணம் முழுவதும் அமலுக்கு வந்தபோது பிரதமராக இருந்தவர் நம் ஓமந்தூரார். அதற்கும் முன்னால் போனால் சிறுபாணாற்றுப்படை. அதன் தலைவன் நல்லியக்கோடனின் கிடங்கில் நம் திண்டிவனத்துக் கிடங்கல்தான். அவனுடைய எயிற்பட்டினம் இன்றைய மரக்காணம் என்பார்கள். அங்கே மீனவப் பெண் வடித்த முதிர்ந்த தேறலைப் பரதவர் பாணர்களுக்குக் கொடுத்து உபசரிப்பதாகப் பாட்டு. அதே கரையில் 2023-ல் என்ன கிடைத்தது என்று பாருங்கள்.

1937-ம் ஆண்டுச் சட்டம்தான் திருத்தங்களோடு இன்றும் நடப்பில் இருக்கிறது. டாஸ்மாக் கடை திறந்திருக்கிறது என்பதால் நாமும் தயாரிக்கலாம் என்று ஆகிவிடாது. உரிமம் இல்லாமல் புளிக்கவைப்பதும் காய்ச்சுவதும் விற்பதும் குற்றம். கிறிஸ்துமஸுக்குத் திராட்சை ஒயின் போடும் நண்பர்களுக்கும் இது பொருந்தும். கோபித்துக்கொள்ள வேண்டாம். கள்ளக்குறிச்சிக்குப் பிறகு 2024-ல் தண்டனைகளைக் கடுமையாக உயர்த்தினார்கள். கள்ள மதுவால் உயிர் போனால் ஆயுள் தண்டனைவரை உண்டு. புதுச்சேரி 40 கிலோமீட்டருக்குள் இருக்கிறது, விலை குறைவு என்று அங்கிருந்து பாட்டில் கொண்டுவருவதும் குற்றமே. செக்போஸ்டில் மாட்டியவர்கள் கதை உங்களுக்கும் தெரிந்திருக்கும். ஆகவே பொங்கல் ஸ்டால் யோசனையை இங்கேயே விட்டுவிடுவோம். அது வெறும் பழ பானம் என்று சங்கம் சமாதானம் சொல்ல முடியாது, சங்கத்தின் பெயரில் பில் போட்டு விற்றால் சங்க நிர்வாகிகள்தான் பதில் சொல்ல வேண்டும்.

ஜப்பானில் இதை எப்படி ஒழுங்கு செய்திருக்கிறார்கள் என்று பார்த்தேன். அங்கே உமே என்ற புளிப்புப் பழத்தை மதுவில் ஊறவைப்பது வீட்டுக்கு வீடு வழக்கம். 1962-ல் அதற்குச் சட்டத்திலேயே வழி செய்தார்கள். நிபந்தனைகள் உண்டு. வரி கட்டிய மதுவாக இருக்க வேண்டும், அதில் ஆல்கஹால் 20 சதவீதத்துக்குக் குறையக் கூடாது, திராட்சை போடக் கூடாது, வீட்டார் குடிக்க மட்டும், விற்பனை கூடாது. அந்த 20 எனக்குப் பிடித்திருந்தது. அந்த அளவுக்கு மேல் ஈஸ்ட் பிழைக்காது. பழம் ஊறும், புளிக்காது.

நம் கணக்கைப் போட்டுப் பார்ப்போம். நம் ஊர்க் கடை பிராந்தி 750 மில்லி, 42.8 சதவீதம். அதில் ஆல்கஹால் 321 மில்லி. கொட்டை நீக்கிய நாவல் பழம் அரை கிலோ போட்டால் சுமார் 400 மில்லி தண்ணீர் இறங்கும். மொத்தம் 1,150 மில்லி, சதவீதம் 28. வடித்த பிறகு சர்க்கரைப் பாகு 300 மில்லி சேர்த்தால் 22. அரை லிட்டராகச் சேர்த்துவிட்டால் 20-க்குக் கீழே போய்விடும். பீரிலோ ஒயினிலோ பழம் போட்டால் முதல் நாளிலிருந்தே இந்தக் கணக்கு தேறாது. இன்னொன்றும் கவனியுங்கள். சதவீதம்தான் குறைந்தது, 321 மில்லி அப்படியே இருக்கிறது. இனிப்பாக இருப்பதால் ஜூஸ் மாதிரி டம்ளர் டம்ளராக இறங்கும். தூக்க மாத்திரையும் சர்க்கரை மாத்திரையும் சாப்பிடும் நம் வயதுக்காரர்கள் டாக்டரைக் கேட்காமல் தொட வேண்டாம். ஊதா நிற ஜாடியைக் குழந்தைகள் எட்டும் உயரத்தில், லேபிள் ஒட்டாமல், ரஸ்னா பாட்டில் பக்கத்தில் வைக்கவே வைக்காதீர்கள்.

கேன் ஸ்பிரிட்டை நம் வளாகத்துக்குள் கொண்டுவரக் கூடாது என்று இன்றே ஒரு தீர்மானம் எழுதும்படி செயலாளரைக் கேட்டுக்கொள்கிறேன். வாங்கி வைத்தவர் யாராவது இருந்தால் குழுவில் சொல்ல வேண்டாம், என்னிடம் தனியாகச் சொல்லுங்கள். சாக்கடையில் கொட்டாமல், வாட்ச்மேனிடமும் கொடுக்காமல், வாங்கிய இடத்துக்கே திருப்பி அனுப்ப வழி பார்ப்போம். வாட்ச்மேன் என்று ஏன் குறிப்பாகச் சொல்கிறேன் என்பது உங்களுக்குப் புரியும். நாம் வேண்டாம் என்று ஒதுக்கிய பாட்டில் போய்ச் சேரும் இடம் பெரும்பாலும் அவர் அறைதான்.

நாவல் பழ ஆசை மட்டும் என்றால் அதற்கு என் வீட்டில் வேறு பக்குவம் இருக்கிறது. பழத்தை உப்புத் தண்ணீரில் கழுவி, துணியில் ஈரம் போக உலர்த்தி, கொட்டை எடுத்து, பாதி எடை சர்க்கரை போட்டு ஒரு ராத்திரி ஃபிரிட்ஜில் வைத்தால் காலையில் சாறு விட்டிருக்கும். வடித்து, ஒரு கொதி விட்டு, எலுமிச்சை பிழிந்து, ஃபிரிட்ஜிலேயே வைத்தால் பத்து நாள் தாங்கும். சோடாவில் ஊற்றினால் வீடியோவில் பார்த்த அதே நிறம். இன்று ஒரு கேன் கொண்டுவந்திருக்கிறேன். இது சோடாக் கேன், பயப்பட வேண்டாம். டம்ளர்கள் பின்னால் மேஜையில் இருக்கின்றன. சர்க்கரை நோய்க்காரர்கள் அரை டம்ளரோடு நிறுத்திக்கொள்ளுங்கள்.