இரண்டு பட்டியல்கள்

(வெள்ளி விழாக் கூட்டத்தில் ஆற்றிய உரை)

 

அமெரிக்கக் கறுப்பின மக்களின் பாடல்களைப் பற்றிப் பேசுவேன் என்று அழைப்பிதழில் கண்டதும், தலைமையாசிரியருக்குப் பாட்டில் என்ன வேலை என்று இளைஞர்கள் சிலர் எண்ணியிருக்கக் கூடும். இசை நயம் கூற எனக்குத் தகுதி இல்லை. வருகைப் பதிவேட்டோடும் மதிப்பெண் பட்டியலோடும் காலம் கழித்தவன் நான். ஆகவே பாட்டைவிடப் பாட்டுப் பட்டியலைப் பற்றியே மிகுதியும் பேசப் போகிறேன். ஒருவருடைய பெயர் எந்தப் பட்டியலில், எந்தத் தலைப்பின்கீழ் எழுதப்படுகிறது என்பதை நம்மவர்கள் கவனியாமல் இருக்க முடியாது.

பில்போர்டு என்பது அமெரிக்காவின் இசைத் தொழில் இதழ். எந்தப் பாட்டு மிகுதியாக விற்கிறது, எது வானொலியில் மிகுதியாக ஒலிக்கிறது என்று வாரந்தோறும் வரிசைப்படுத்திக் கூறுவது அதன் பெரும்பணி. 1942ஆம் ஆண்டு, கறுப்பின மக்கள் விரும்பி வாங்கும் இசைத்தட்டுகளுக்கெனத் தனிப்பட்டியல் ஒன்றை அது தொடங்கிற்று. நியூயார்க் நகரில் அம்மக்கள் செறிந்து வாழ்ந்த ஹார்லெம் பகுதியின் பெயரையே அதற்கு இட்டது. அண்ணல் அம்பேத்கர் 1913 முதல் 1916 வரை பயின்ற கொலம்பியாப் பல்கலைக்கழகம் அந்த ஹார்லெமை அடுத்தே உள்ளது. 1946இல் அண்ணல், கறுப்பின அறிஞர் டூபாய்ஸுக்குக் கடிதம் எழுதி, ஐக்கிய நாடுகள் அவைக்கு அம்மக்கள் அளித்த முறையீட்டின் படிகளைக் கேட்டதும் இங்கு நினைக்கத்தக்கது.

பட்டியலுக்கு வருவோம். 1945இல் அதன் பெயர் ‘இனத் தட்டுகள்’ என்று ஆயிற்று. எந்த இனம் என்று சொல்ல வேண்டிய தேவையே எழவில்லை! 1949இல், அவ்விதழில் பணியாற்றிய ஜெர்ரி வெக்ஸ்லர் என்பவர் தந்த ‘ரிதம் அண்ட் ப்ளூஸ்’ என்னும் பெயர் வந்தது. ரிதம் என்றால் தாளம். ப்ளூஸ் என்பது அடிமைகளின் வழித்தோன்றல்கள் தம் துயரைப் பாடிய இசை. 1969இல் ‘சோல்’, அதாவது ஆன்மா. 1982இல் ‘கறுப்பு’. 1990இல் மீண்டும் ‘ரிதம் அண்ட் ப்ளூஸ்’. ஐம்பது ஆண்டுகளுக்குள் ஐந்து பெயர்கள். பெயர் சூட்டியது இதழ், பாடியவர்கள் அல்லர்.

இடையில் ஒரு விந்தையும் நடந்தது. 1963 நவம்பரில் அப்பட்டியலையே நிறுத்திவிட்டார்கள். இரு பட்டியல்களிலும் ஏறத்தாழ ஒரே பாடல்கள் வருகின்றன என்பது காரணம். அவ்வாண்டு லெஸ்லி கோர் என்னும் வெள்ளையினப் பெண் பாடிய ‘இட்ஸ் மை பார்ட்டி’ கறுப்பின மக்களின் பட்டியலிலும் முதலிடம் பெற்றிருந்தது. இதனை ஒற்றுமை என்று கொண்டாடியவர்களும் இருந்திருக்கலாம். என் கருத்தில் அது ஒற்றுமை ஆகாது. கணக்கெடுப்பு நின்றதே தவிர, ஊரில் பாகுபாடு நிற்கவில்லை. 1965 ஜனவரியில் பட்டியல் திரும்பவும் வந்தது.

இனி 1984, 1985, 1986 ஆகிய ஆண்டுகளைப் பார்ப்போம். அப்போது தனிப்பட்டியலின் பெயர் ‘கறுப்பு’. நாடு முழுவதற்குமான பொதுப் பட்டியல் வேறு. 1984இல் பிரின்ஸ் பாடிய ‘வென் டவ்ஸ் க்ரை’ தனிப்பட்டியலில் எட்டு வாரமும் பொதுப் பட்டியலில் ஐந்து வாரமும் முதலிடத்தில் நின்றது. எல்லா இசைக்கருவிகளையும் தாமே வாசித்து, தாழ்ந்த சுருதிக்குரிய பேஸ் கிட்டாரை அறவே நீக்கிவிட்டு அதைப் பதிவு செய்தார் அவர். 1985இல் விட்னி ஹூஸ்டனின் ‘சேவிங் ஆல் மை லவ் ஃபார் யூ’ இரண்டிலும் முதலிடம் பெற்றது.

ஆனால் ஃபிரெடி ஜாக்சனைப் பாருங்கள். ஹார்லெமிலேயே பிறந்து, சிறுவயதில் தேவாலயத்தில் பாடி வளர்ந்தவர். 1985இல் அவருடைய ‘ராக் மீ டுநைட்’ தனிப்பட்டியலில் ஆறு வாரம் முதலிடம். பொதுப் பட்டியலில் அது எட்டிய உயரம் 18ஆம் இடம். குரல் அதே குரல். இசைத்தட்டும் அதே இசைத்தட்டு.

இவ்வேறுபாடு எப்படி நேர்ந்தது? வானொலி நிலையங்கள் இன்னாருக்கு இன்ன பாட்டு என்று பிரித்துக்கொண்டிருந்தன. 1981இல் தொடங்கிய எம்.டி.வி. தொலைக்காட்சி கறுப்பினப் பாடகர்களை அரிதாகவே காட்டிற்று. 1983இல் மைக்கேல் ஜாக்சனின் ‘பில்லி ஜீன்’ வந்த பிறகே கதவு சற்றுத் திறந்தது. இசைத்தட்டு நிறுவனங்களும் கறுப்பின இசைக்கெனத் தனிப்பிரிவு வைத்திருந்தன. இத்தொழிலில் நிலவிய பாகுபாட்டைக் கண்டித்து என்.ஏ.ஏ.சி.பி. என்னும் பழம்பெரும் உரிமை அமைப்பு 1987இல் அறிக்கையே வெளியிட்டது. அக்காலத்தில் கடைக்காரர்களும் வானொலி நிலையத்தாரும் சொன்னதை வைத்தே வரிசை தயாராயிற்று என்பதையும் மறக்கலாகாது. விற்பனையை இயந்திரத்தால் எண்ணும் முறையை 1991இல்தான் அவ்விதழ் கைக்கொண்டது.

ஆயினும் தனிப்பட்டியல் இல்லாதிருந்தால் ஃபிரெடி ஜாக்சனின் அந்தப் பாட்டு வெறும் 18ஆம் இடத்துப் பாட்டாகவே ஏட்டில் நின்றிருக்கும். தம் மக்கள் அவரை முதல்வராக ஏற்றார்கள் என்பதற்குச் சான்று அந்தத் தனிப்பட்டியல்தான். அதனால்தான் அதை வெறுமனே இழிவு என்று தள்ள எனக்கு மனம் வரவில்லை.

மாணவர்களே, ஸ்டீவி வொண்டர் என்னும் பெயரைக் குறித்துக்கொள்ளுங்கள். குறைமாதக் குழந்தையாக 1950இல் பிறந்து, குழவிப் பருவத்திலேயே பார்வை இழந்தவர். பதின்மூன்றாம் வயதில் இரு பட்டியல்களிலும் முதலிடம் பெற்றவர். மார்ட்டின் லூதர் கிங் பிறந்த நாளை நாட்டு விடுமுறையாக்க வேண்டுமென்று பாட்டெழுதி, ஊர்வலம் நடத்திப் பாடுபட்டார். 1983இல் சட்டம் வந்தது. 1986 ஜனவரி 20 அன்று முதல் விடுமுறை கொண்டாடப்பட்டது.

அவருடைய ‘ஐ ஜஸ்ட் கால்டு டு சே ஐ லவ் யூ’ 1984இல் இரு பட்டியல்களிலும் முதலிடம் பெற்றது. தொலைபேசியில் அன்பைச் சொல்லும் எளிய பாட்டு. அரசியல் ஒரு சொல்லும் இல்லை. 1985 மார்ச்சில் அதற்கு ஆஸ்கர் பரிசு கிடைத்தபோது, சிறையில் இருந்த நெல்சன் மண்டேலாவின் பெயரால் அதனைப் பெற்றுக்கொள்வதாக அவர் மேடையில் அறிவித்தார். மறுநாளே தென்னாப்பிரிக்க ஒலிபரப்புக் கழகம் அவருடைய பாடல்கள் அனைத்துக்கும் தடை விதித்தது. ஒரு காதல் பாட்டைக் கேட்டு ஓர் அரசு அஞ்சிற்று!

தலைவர் அவர்கள் கடிகாரத்தைப் பார்க்கிறார்கள். ஹார்லெமைப் பற்றியும் மண்டேலாவைப் பற்றியும் மேலும் கேட்க விரும்பும் மாணவர்கள் கூட்டம் முடிந்ததும் என்னிடம் வரலாம்.