யாருடைய படம் மிஞ்சுகிறது?

(மறைமலை நகரில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



மலையாளத்தின் முதல் படம் 'விகதகுமாரன்'. அதன் நாயகி பி.கே.ரோசி ஒரு தலித் பெண். நாயர் பெண்ணாக நடித்ததற்காகவே அவரை ஊரைவிட்டு விரட்டினார்கள். படத்தை எடுத்த ஜே.சி.டேனியல் நம் குமரி மாவட்டத்து அகஸ்தீஸ்வரத்துக்காரர். அந்தப் படத்தின் ஒரு பிரதிகூட இன்று இல்லை.

1935இல் கே.பி.சுந்தராம்பாள் நந்தனாராக நடித்த படமும் இல்லை. அவருக்கு லட்ச ரூபாய் சம்பளம் என்று ஊரெல்லாம் பேசிய படம் அது. 1942இல் தண்டபாணி தேசிகர் நடித்த 'நந்தனார்' மட்டும் கிடைக்கிறது. நந்தனை நம் சினிமா எப்படியெல்லாம் காட்டியது என்று ஒப்பிட்டுக் கேட்கும் வாய்ப்பையே இழந்துவிட்டோம்.

பூனாவில் தேசியத் திரைப்படக் காப்பகம் வந்தது 1964இல்தான். அதற்குள் எத்தனையோ சுருள்கள் எரிந்தன, வெள்ளிக்காக அழிக்கப்பட்டன.

இப்போதுதான் இணையம் இருக்கிறதே என்பீர்கள். பார்ப்பனப் பெண் இறைச்சி சமைக்கும் 'அன்னபூரணி'யை, எதிர்ப்பு கிளம்பியதும் 2024 ஜனவரியில் நெட்ஃபிளிக்ஸ் தூக்கிவிட்டது. சந்தா நம்முடையது, சாவி அவர்களுடையது.

'தேவர் மகன்' போல வசூலைக் குவித்த படங்களையும் காக்க வேண்டும். சாதிப் பெருமையைக் கேள்வி கேட்க ஆதாரம் வேண்டாமா?

நம் சட்டப்படி, வெளியாகி 60 ஆண்டு கடந்த படம் பொதுச்சொத்து. அதை இணையக் காப்பகத்தில் ஏற்றலாம். வீட்டில் கிடக்கும் பாட்டுப் புத்தகங்களையும் நோட்டீசுகளையும் ஸ்கேன் செய்யுங்கள். ஊர், கொட்டகை, ஆண்டு குறித்து இரண்டு மூன்று இடங்களில் சேமியுங்கள். கொட்டகையில் யார் எங்கே உட்கார வைக்கப்பட்டார்கள் என்று பெரியவர்களிடம் கேட்டுப் பதிவு செய்யுங்கள். நம் வரலாற்றை நாம்தான் சேர்த்துவைக்க வேண்டும்.

ஜெய்பீம்.