திங்கள் தவறாத சதுக்கம்



சுவீடன் நாட்டின் தலைநகராகிய ஸ்டொக்ஹோமில் நொர்மால்ம் சதுக்கம் என்றோர் இடம் உண்டு. 1973 ஆகஸ்டில், அங்கிருந்த வங்கியொன்றினுள் துப்பாக்கியோடு புகுந்த ஒருவன் வங்கி ஊழியர் நால்வரை ஆறு நாட்களாகச் சிறைவைத்தான். சிறைப்பட்டோர் அவன்பால் பரிவு கொண்டனர் என்ற செய்தியாலேயே உலகம் அச்சதுக்கத்தை அறியும். நான் இன்று சொல்ல விழைவது அதே சதுக்கத்தின் வேறொரு வரலாறு.

1940ஆம் ஆண்டு எஸ்தோனியா, லத்வியா, லித்துவேனியா என்னும் மூன்று சிறு நாடுகளைச் சோவியத் ஒன்றியம் தன்னோடு இணைத்துக்கொண்டது. அவ்விணைப்பை ஏற்ற மேற்கு நாடுகள் மிகச் சில. அவற்றுள் சுவீடனும் ஒன்று. எஸ்தோனியாவும் லித்துவேனியாவும் தன்னிடம் நம்பி வைத்த பொன்னையும் அது மாஸ்கோவிடம் ஒப்படைத்தது.

ஐம்பது ஆண்டுகள் கழிந்தன. 1990 மார்ச் 11ஆம் நாள் லித்துவேனியா தன் விடுதலையைப் பிரகடனஞ் செய்தது. மார்ச் 19, திங்கட்கிழமை நண்பகல், அந்நாடுகளுக்கு ஆதரவாக அச்சதுக்கத்தில் மக்கள் கூடினர். எஸ்தோனிய வழிவந்த எழுத்தாளர் அந்திரேஸ் கியூங்கும் அவர்தம் தோழர் மூவரும் தொடங்கிய கூட்டம் அது. அடுத்த திங்களும் கூடினர். அதற்கடுத்த திங்களும் கூடினர். பிற ஊர்களிலும் இவ்வழக்கம் பரவிற்று. 1991 ஜனவரி 13ஆம் நாள் வில்னியஸ் நகரில் சோவியத் படையின் தாக்குதலில் பதினால்வர் மாண்டனர். மறுநாள் திங்கட்கிழமை; அன்றும் சதுக்கம் வெறிதாக இருக்கவில்லை.

வெறுங்கூட்டத்தால் ஆவதென்ன என்று கேட்பீர்கள். விடுதலையை வென்றவர்கள் அம்மூன்று நாட்டு மக்களே, அதில் ஐயமில்லை. ஆயினும் சட்டம் பயின்றவன் என்ற முறையில் ஒன்று சொல்வேன். நெடுங்காலம் கேளாதிருந்தவன் தன் உரிமையைக் கைவிட்டான் என்றே எதிர்த்தரப்பார் வாதிடுவர். வேலி நகர்ந்த அன்றே குரல் எழுப்பாத கமக்காரன் பின்னர் படும் பாட்டை நீங்கள் அறிவீர்கள். அரசு ஐம்பது ஆண்டு காத்த மௌனம் தங்கள் சம்மதமன்று என்பதை அச்சதுக்கத்து மக்கள் வாரந்தோறும் பதிவு செய்தனர்.

1991 செப்டம்பர் 6ஆம் நாள் மாஸ்கோ அம்மூன்று நாடுகளின் சுதந்திரத்தை ஏற்றது. செப்டம்பர் 16ஆம் நாள் இறுதிக் கூட்டம் நடந்தது. முதல் நாளிலிருந்து எண்ணினால் 79 திங்கட்கிழமைகள், கூட்டங்களும் 79. ஒன்றேனும் தவறவில்லை!

1940இல் தன் நாடு இழைத்த தவற்றைச் சுவீடன் பிரதமர் 2011ஆம் ஆண்டிலேதான் வெளிப்படையாக ஒப்புக்கொண்டார். அரசு அவ்வுண்மையைச் சொல்வதற்கு இருபது ஆண்டுகள் முன்னதாகவே, வேலைக்கு நடுவே நண்பகலில் வந்து நின்ற சாதாரண மக்கள் அதனைச் சொல்லிவிட்டனர்.