கல்லாவுக்குப் பின்னால் ஓர் அடுப்பு



சென்னை பர்மா பஜார் எல்லாருக்கும் தெரியும். 1969-இல் ராஜாஜி சாலையில் அந்தக் கடைகள் முளைத்த கதையைப் பலரும் எழுதிவிட்டார்கள். அது பர்மாவிலிருந்து வந்து கல்லாவில் உட்கார்ந்த ஆண்களின் கதை. அந்த ஆண்கள் சோறு தின்றுவிட்டுக் கிளம்பிய வீடுகளைப் பற்றிப் பேசத்தான் நான் வந்திருக்கிறேன்.

1962-இல் பர்மாவில் நே வின் ராணுவ ஆட்சியைக் கொண்டுவந்தார். 1964-இல் கடைகள் அரசுடைமையாயின. அதே ஆண்டு மே மாதம் 50, 100 கியாத் நோட்டுகள் செல்லாது என்றார்கள். சிறுகச் சிறுகச் சேர்த்த பணமெல்லாம் வெறுங்காகிதம்! கட்டிய துணியோடு ரங்கூனில் கப்பலேறிச் சென்னையில் இறங்கிய தமிழ்க் குடும்பங்களில் பல, எண்ணூரிலும் வியாசர்பாடியிலும் குடியேறின. எண்ணூரில் பர்மா நகர் இன்றும் இருக்கிறது.

அந்தக் குடும்பத்துப் பெண்களில் எத்தனையோ பேர் பர்மாவிலேயே பிறந்தவர்கள். ராமநாதபுரமும் தஞ்சையும் அவர்களுக்குப் பாட்டி வாயால் கேட்ட ஊர்கள். ஊர் திரும்புகிறீர்கள் என்று சொல்லி, பார்த்தேயிராத ஊருக்கு அனுப்பிவைத்தார்கள்.

பீச் ஸ்டேஷன் பக்கம் சாயங்காலம் நின்று பர்மா நூடுல்ஸான அத்தோ சாப்பிடுகிறோமே, அதன் வேலை எப்போது தொடங்குகிறது தெரியுமா? வெயில் உச்சியில் இருக்கும்போதே வெங்காயத்தை மெல்லிசாக நறுக்கி, கருகாமல் முறுகலாகப் பொரித்தெடுக்க வேண்டும். முட்டைக்கோசைச் சீவ வேண்டும், புளி கரைக்க வேண்டும், வாழைத்தண்டை நாரெடுத்து சூப்புக்கு வேகவைக்க வேண்டும். தள்ளுவண்டியில் கரண்டி பிடிப்பவரைப் பார்க்கிறோம். எண்ணெய்ப் புகையில் கண் எரிய நின்றவளைப் பார்ப்பதில்லை. அவள் கூலி எந்தக் கணக்கிலும் ஏறவில்லை. இதை நான் மிகுந்த வேதனையோடு சொல்கிறேன்.

வந்த இடமான எண்ணூரிலாவது நிம்மதி உண்டா? அனல்மின் நிலையச் சாம்பல் ஒரு பக்கம், ரசாயன ஆலைகள் மறுபக்கம். 2023 டிசம்பர் 26 நள்ளிரவில் பெரியகுப்பம் கடலில் குழாயிலிருந்து அம்மோனியா கசிந்தது. மூச்சுத் திணறி, பிள்ளைகளைத் தூக்கிக்கொண்டு எண்ணூர்ப் பெண்கள் தெருவில் ஓடினார்கள். கப்பலேறி வந்தவர்களின் பேத்திமார் வாழ்வதும் இதே எண்ணூரில்தான்.

இருபது வயதில் வந்தவர்களுக்கு இன்று எண்பதுக்கு மேல். அவர்களோடு அந்தப் பாடுகளும் போய்விடக் கூடாது. நம் வாசகசாலைப் பிள்ளைகள் கையில் செல்போன் இருக்கிறது. வீடு வீடாகப் போவோம், அந்த ஆத்தாக்கள் பேசுவதைப் பதிவு செய்வோம். கூட வருகிறவர்கள் கூட்டம் முடிந்ததும் மேடைக்கு வந்து பெயர் கொடுங்கள். வருகிற ஞாயிற்றுக்கிழமையே பர்மா நகரில் தொடங்கிவிடலாம்.